பீப்பாயின் மேல் உட்கார்ந்த மேயர்

ஹாலோவே நகரத்தின் நான்காவது மேயர் ஒபதியா ரென்னுக்கு இடது காது கிடையாது. காது இருந்த இடத்தில் வதங்கிய அத்திப்பழம் போல ஒரு முடிச்சு மட்டும் இருந்தது. அதை அவன் மறைத்ததில்லை. தேர்தல் கூட்டங்களில் தொப்பியைக் கழற்றி, அந்தப் பக்கத்தைக் கூட்டத்துக்குக் காட்டி, "எதிராளி பேசறப்போ நான் இந்தக் காதாலதான் கேக்கறேன்" என்பான். கூட்டம் பலகைத் தரையை உதைத்துச் சிரிக்கும்.

காதைக் கடித்து எடுத்தவன் புலிப் படை என்ற தீயணைப்புப் படையின் ஆள். அதை அவன் விழுங்கிவிட்டான் என்று ஒபதியாவின் கழுகுப் படையினர் சொல்வார்கள். துப்பியதைத் தெருப்பன்றி தின்றது என்று புலிப் படையினர் சொல்வார்கள். ஹாலோவேயில் எந்த விஷயத்துக்கும் இப்படி இரண்டு கதை உண்டு. எந்தக் கதையை நம்புவது என்பது நீங்கள் எந்தத் தெருவில் குடியிருக்கிறீர்கள் என்பதைப் பொறுத்தது.

கனெக்டிகட்டின் கல்லுப் பூமியில் ஏழாவது பிள்ளையாகப் பிறந்தவன் ஒபதியா. ஏழு பேருக்குப் பிரித்தால் ஆளுக்கொரு பாறைதான் மிஞ்சும் என்று கண்டு, பத்தொன்பது வயதில் ஓர் இரும்புக் கொப்பரையோடு தட்டைப் படகில் ஏறி ஒஹையோ ஆற்றில் இறங்கி வந்தான். ஹாலோவேயில் அப்போது மனிதர்களைவிடப் பன்றிகள் அதிகம். குளிர்காலம் பிறந்தால் ஓடையெல்லாம் இரத்தமாக ஓடும். வெட்டுகிறவர்கள் இறைச்சியை எடுத்துக்கொண்டு கழிவுக் கொழுப்பை ஓடையில் எறிவார்கள். ஒபதியா அதைப் பொறுக்கிச் சாம்பல் காரத்தில் காய்ச்சி, சோப்பாக்கி, பீப்பாய் பீப்பாயாக நியூ ஆர்லியன்சுக்கு அனுப்பினான். முப்பது வயதில் ஆற்றங்கரையில் அவனுக்கு இரண்டு மாடிக் கட்டடமும், பதினாறு கொப்பரைகளும், திர்சா என்ற மனைவியும் இருந்தார்கள்.

ஆனால் சோப்பு காய்ச்சி யாரும் ஹாலோவேயில் பெரிய மனிதனாகிவிட முடியாது. எந்தத் தேவாலயத்துக்குப் போகிறாய் என்றுகூட அங்கே கேட்க மாட்டார்கள். எந்தப் படை என்றுதான் கேட்பார்கள்.

தீயணைக்க நகரத்துக்குச் சம்பள ஆட்கள் கிடையாது. பேட்டைக்கு ஒரு படை. தச்சன், கசாப்புக்காரன், வக்கீல், எல்லோரும் சிவப்புச் சட்டை மாட்டிக்கொண்டு சொந்தப் பிரியத்தில் ஓடி வருவார்கள். கையால் அடித்து இயக்கும் பம்பு வண்டியைக் கயிறு கட்டி இழுத்து வருவார்கள். யாருடைய பம்பு முதல் தண்ணீரைப் பீய்ச்சுகிறதோ அவர்களுக்கு ஒரு வருஷத்துக்குப் பெருமை. அதனால் மணி அடித்தவுடன் ஒவ்வொரு படையும் வேகமான ஒருவனைக் காலிப் பீப்பாயோடு முன்னால் அனுப்பும். பம்புக்குத் தண்ணீர் எடுக்கும் தெருக்குழாயின் மேல் அவன் பீப்பாயைக் கவிழ்த்து, அதன் மேல் ஏறி உட்கார்ந்துகொள்வான். தன் வண்டி வரும்வரை யார் வந்து எங்கே உதைத்தாலும் இறங்கக் கூடாது. பீப்பாயில் உட்காருகிறவனுக்கு முதுகு அகலமாகவும் புத்தி குறைவாகவும் இருக்க வேண்டும் என்பார்கள். ஒபதியா கழுகுப் படைக்காக ஏழு வருஷம் உட்கார்ந்தான். காது போனது அப்போதுதான். அதற்குப் பரிசாகத்தான் அவனைக் கேப்டனாக்கினார்கள்.

ஆயிரத்து எண்ணூற்று நாற்பத்தொன்று, ஜூன் மாதம், ஒரு ஞாயிற்றுக்கிழமை. பிரசங்கம் முடிந்து ஜனங்கள் படியிறங்குகிற நேரத்தில் ஜெர்மன் பேட்டை மேட்டில் புகை கிளம்பியது. பீப்பாய் செய்கிற ஹென்ரிக் க்ளூகேயின் பட்டறை. க்ளூகே ஒரு ஞானஸ்நானத்துக்காக ஆற்றின் அக்கரைக்குப் போயிருந்தான். கால் முறிந்து கட்டுப் போட்டிருந்த அவன் மனைவி லோட்டே மாடியில் படுத்திருந்தாள்.

மேட்டில் தெருக்குழாய் கிடையாது. ஆற்றிலிருந்துதான் தண்ணீர் வர வேண்டும். ஒரு வண்டி கரையில் நின்று உறிஞ்ச வேண்டும். அது தோல்குழாய் வழியே மேலே அனுப்பும் தண்ணீர் இரண்டாவது வண்டியின் பெட்டியில் விழும். இரண்டாவது வண்டி அதை நெருப்பின் மேல் பீய்ச்ச வேண்டும். அன்று கரையில் நின்றது புலிப் படை. மேட்டில் நின்றது கழுகுப் படை.

இதில்தான் ஹாலோவேக்காரர்களின் கேடு இருந்தது. கீழே இருக்கிறவன் வேகமாக அடித்து, மேலே இருக்கிறவன் அதே வேகத்தில் வெளியேற்ற முடியாமல் போனால், பெட்டி நிரம்பி வழியும். வழிந்த படை முழுகிய படை. அதைவிட அவமானம் கிடையாது. முழுகிய படையின் ஆட்கள் சிவப்புச் சட்டையைக் கழற்றிவிட்டுச் சந்து வழியாக வீட்டுக்குப் போவார்கள். அவர்கள் பெண்டாட்டிகளை மீன் சந்தையில் "என்னம்மா, உன் வீட்டுக்காரர் காஞ்சிட்டாரா?" என்று கேட்பார்கள். ஒபதியா கேப்டனாக இருந்தவரை கழுகுப் படை முழுகியதில்லை.

கீழே புலிக் கேப்டன் கார்னி டூலன் கொம்பு ஊதினான். "அடிங்கடா! நெருப்பை விடு, கழுகுக்கு மூக்கு வரைக்கும் ஏத்து!"

மேலே இருபது பேர் பம்புக் கைப்பிடிகளில் தொங்கினார்கள். உள்ளங்கைத் தோல் உரிந்து மரம் சிவந்தது. திர்சாவின் தம்பி லெமுவேல் வாயில் நுரை தள்ள அடித்தான். ஆனாலும் பெட்டியில் தண்ணீர் ஏறிக்கொண்டே வந்தது. நான்கு விரல் இடம் இருந்தது, பிறகு இரண்டு விரல்.

மாடி ஜன்னலில் லோட்டே கத்தியது ஒபதியாவுக்குக் கேட்டது. ஏணி வைத்தாயிற்று. மாடிப்படியில் நெருப்பு ஏறாமல் இன்னும் ஐந்து நிமிஷம் தண்ணீர் அடித்தால் போதும், அவளை இறக்கிவிடலாம். அவனுக்கு அதுவும் தெரியும். ஆனால் கண் பெட்டியின் விளிம்பை விட்டு நகரவில்லை. தண்ணீர் விளிம்பைத் தொட்டது.

குனிந்து, புலிகளின் தோல்குழாயைப் பெட்டியோடு இணைத்திருந்த பித்தளைத் திருகை இரண்டு சுற்றில் கழற்றி எறிந்தான்.

தண்ணீர் தெருவில் பாம்பாகப் புரண்டு சரிவில் ஓடியது. கழுகுப் படை முழுகவில்லை. ஜன்னலில் சத்தம் நின்றபோது, மேலேறி வந்த புலிகளோடு கழுகுகள் பல்லும் கோடரிக் காம்புமாகக் கட்டிப் புரண்டுகொண்டிருந்தார்கள். மூன்று பேருக்கு மண்டை உடைந்தது. கூரை இடிந்து விழுந்த சத்தத்தை யாரும் திரும்பிப் பார்க்கவில்லை.

"குழாய் வெடிச்சிடுச்சு" என்றான் ஒபதியா மறுநாள் விசாரணையில். இருபது கழுகுகளும் வெடித்தது என்றே சொன்னார்கள். கழற்றினார்கள் என்று புலிகள் சொன்னார்கள். ஆனால் புலி சொன்னால் யார் நம்புவார்கள்? க்ளூகே தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு ஒபதியாவிடம் வந்தான். "உங்காளுங்க கை தோல் உரியற வரைக்கும் அடிச்சாங்களாம், முதலாளி. சொன்னாங்க. நன்றி" என்றான்.

அந்த நன்றியை ஒபதியாவால் விழுங்கவும் முடியவில்லை, துப்பவும் முடியவில்லை. தன் சோப்புக்கு வேண்டிய பீப்பாய்களை எல்லாம் க்ளூகேயிடமே செய்யச் சொன்னான். திங்கட்கிழமைதோறும் க்ளூகேயின் வண்டி தொழிற்சாலை வாசலில் வந்து நிற்கும். க்ளூகே ஒவ்வொரு பீப்பாயையும் உருட்டி இறக்கி, விரலால் தட்டி ஓசை காட்டுவான். ஒபதியா பீப்பாயைப் பார்ப்பான். பதினோரு வருஷத்தில் ஒரு தடவைகூட அவன் முகத்தைப் பார்த்ததில்லை.

ஒபதியாவை மேயராக்கியது கழுகுப் படையின் முஷ்டிதான். வாக்குச் சாவடி ஜன்னலுக்கு முன்னால் லெமுவேலும் நாற்பது பேரும் பீப்பாய்ப் பலகைகளோடு நின்றார்கள். வேறு பெயர் சொன்னவர்கள் நடந்து வந்து நொண்டிக்கொண்டு போனார்கள். எதிர்த்து நின்ற வேட்பாளரை ஆற்றில் தூக்கிப் போட்டுவிட்டு, "நீஞ்சத் தெரிஞ்சவன்தானே மேயர் ஆகணும், நீஞ்சு!" என்று கரையில் நின்று கைதட்டினார்கள்.

அவன் மேயராகி மூன்று வருஷம் கழித்து, ஆயிரத்து எண்ணூற்று ஐம்பத்திரண்டு செப்டம்பரில், மர இழைப்பு ஆலையில் தீப்பிடித்தது. ஒன்பது படைகள் ஓடி வந்தன. ஒரு சொட்டுத் தண்ணீர் ஆலையின் மேல் விழவில்லை. பீப்பாய்க்குச் சண்டை, குழாய்க்குச் சண்டை. பிறகு எதற்கென்றே தெரியாமல் சண்டை. செங்கல் பறந்தது, துப்பாக்கி வெடித்தது. மேயர் ஒபதியா நடுத்தெருவில் நின்று தொண்டை கிழியக் கத்தினான். அவன் கொடுத்த உத்தரவை யாரும் காதில் வாங்கவில்லை. ஆலை மளமளவென்று எரிந்து சாம்பலானது. சண்டையில் இரண்டு பேர் செத்தார்கள்.

லெமுவேல் உதட்டில் இரத்தத்தோடு ஓடி வந்து அவன் தோளைக் கட்டிக்கொண்டான். இப்போது கழுகுக் கேப்டன் அவன்தான். "பாத்தியா மச்சான்? புலிங்களைப் பிரட்டி எடுத்துட்டோம்! உன் காதுக்கு இன்னைக்குத்தான் பதில் சொன்னோம்!"

"ஆலை எங்கேடா?"

"எந்த ஆலை?" என்றான் லெமுவேல். பிறகு திரும்பிப் பார்த்து, "ஓ, அதுவா" என்றான்.

அந்த "அதுவா"வைக் கேட்டபோது ஒபதியாவுக்குப் பித்தளைத் திருகின் குளிர்ச்சி விரலில் பட்டது போல இருந்தது.

ஆற்றின் மேல்பக்க நகரம் ஒன்றின் பட்டறையில் நீராவியால் பம்பு அடிக்கும் வண்டி செய்கிறார்கள் என்று கேள்வி. நான்கு குதிரை இழுக்கும். அதை ஓட்ட ஏழெட்டு ஆட்கள் போதும், அவர்கள் நகரத்தின் சம்பளக்காரர்கள். அது வந்தால் படைகள் வேண்டாம். ஒபதியா அதை நகரசபைக்குக் கொண்டுவந்தான். உறுப்பினர்கள் எட்டுப் பேர். மூன்று பேர் ஆதரவு, ஐந்து பேர் எதிர்ப்பு.

வாக்கெடுப்பு நடந்த நாள் பிற்பகலில் பார்வையாளர் மேல்மாடம் முழுக்கச் சிவப்புச் சட்டை. ஒரு மூலையில் மட்டும் ஜெர்மன் பேட்டைக்காரர்கள் ஒடுங்கி உட்கார்ந்திருந்தார்கள். அவர்களில் க்ளூகேயும் இருந்தான்.

"உன்னை மேயராக்கினது இந்தச் சட்டைதான், மறந்துட்டியா?" என்று மேலிருந்து லெமுவேல் கத்தினான். "ஏறின ஏணியை எட்டி உதைக்கிற!"

பன்றி இறைச்சி வியாபாரியான உறுப்பினர் யூரியா ஸ்டோக்ஸ் எழுந்தார். ஆள் கெட்டவர் இல்லை. எதையும் கண்ணால் பார்க்காமல் நம்பாதவர். "மேயர் ஐயா, படைக்காரங்க அடிச்சிக்கிறாங்க, ஒத்துக்கறேன். ஆளு வயசுல இருந்தா அடிச்சிக்கத்தான் செய்வான். ஆனா அவங்க வேணும்னே ஒரு வீட்டை எரிய விட்டாங்கன்னு சொல்றீங்களே, நீங்களே பதினஞ்சு வருஷம் சட்டை போட்டவரு. கண்ணால பாத்தது ஒண்ணு சொல்லுங்க. ஒண்ணே ஒண்ணு. நான் இந்தப் பக்கம் மாறிக்கறேன்."

மாடம் சிரித்தது. ஒரு கழுகும் கழுகைக் காட்டிக்கொடுத்ததில்லை.

ஒபதியா எழுந்தான். பார்வை தானாக மேல்மாட மூலைக்குப் போயிற்று. பதினோரு வருஷத்தில் முதல் தடவையாக க்ளூகேயின் முகத்தை நேராகப் பார்த்தான். நரைத்துப்போன முகம்.

"க்ளூகே வீட்டுத் தீயில குழாய் வெடிக்கல" என்றான். "எங்க பெட்டி வழிய இருந்துச்சு. முழுகிடுவோம்னு பயந்து நான்தான் கழட்டினேன். இந்தக் கையாலதான். அந்தம்மா கத்தினது எனக்குக் கேட்டுச்சு. கேட்டுக்கிட்டேதான் கழட்டினேன்."

யூரியா ஸ்டோக்ஸ் உட்கார்ந்துவிட்டார். மேலே க்ளூகே மெதுவாக எழுந்தான். மடியிலிருந்த தொப்பியைத் தலையில் வைத்தான். படியிறங்கிப் போனான். அவனுடைய கனத்த பூட்ஸ் சத்தம் தெருவரைக்கும் கேட்டது.

ஸ்டோக்ஸும் அவர் பக்கத்திலிருந்தவரும் மாறினார்கள். தீர்மானம் நிறைவேறியது. வாசலில் லெமுவேல் ஒபதியாவின் சட்டையில் காறித் துப்பினான். "இருபது பேர் பதினோரு வருஷம் உனக்காகப் பொய் சொன்னோம். இனிமே நீ எனக்கு மச்சானும் இல்ல, மண்ணாங்கட்டியும் இல்ல. அந்த வண்டி வரட்டும். ஒரு சொட்டுத் தண்ணி குடிக்காது. குடிச்சா நான் என் பேரை மாத்திக்கறேன்."

வீட்டில் திர்சா சூப்பை முன்னால் வைத்துவிட்டுச் சொன்னாள்: "பதினோரு வருஷம் என் பக்கத்துல படுத்தீங்க. என்கிட்டகூடச் சொல்லலை. அந்தம்மா சமாதிக்கு நான் பூ வச்சிட்டு வர்றப்பல்லாம் வாசல்ல நின்னு பாத்துட்டே இருந்தீங்க."

அடுத்த திங்கட்கிழமை பீப்பாய் வண்டி வரவில்லை. அதற்கடுத்த திங்களும் வரவில்லை. காய்ச்சிய சோப்பு கொப்பரையிலேயே இறுகியது. ஒபதியா ஆள் அனுப்பிக் கேட்கவில்லை. எந்த முகத்தோடு அனுப்புவது?

ஜனவரியில் நீராவி வண்டி படகில் வந்து இறங்கியது. பித்தளை வயிறும் நீண்ட புகைபோக்கியும் உள்ள ஒரு மிருகம். வந்த மூன்றாம் நாள் காலை பத்து மணிக்குக் கயிற்றாலையில் தீ.

ஒபதியாவுக்குக் கணக்கு உடனே புரிந்தது. வண்டி கனமானது. தெருவெல்லாம் உறைசேறு. கொதி வந்து, குதிரை பூட்டி, அது வந்து சேரக் கால்மணி நேரம் ஆகும். கயிற்றாலைக்குப் பக்கத்தில் இருப்பது ஒரே தெருக்குழாய். அதுவும் க்ளூகேயின் புதுப் பட்டறைக்கு எதிரே. கழுகுகள் முதலில் வந்து அதை உடைத்துப் போட்டால் தீர்ந்தது. நீராவி வண்டி ஊர் முழுக்க நகைப்புக்கிடமாகித் திரும்பிப் படகேறும். படைகள் இன்னும் ஐம்பது வருஷம் ஊரை ஆளும்.

நாற்பத்தைந்து வயது, தொந்தி, மேயர் கோட்டு. அவனுக்குத் தெரிந்த வழி ஒன்றே ஒன்றுதான். மளிகைக் கடை வாசலில் இருந்த காலி மாவுப் பீப்பாயைத் தூக்கிக்கொண்டு ஓடினான். தெருக்குழாயின் மேல் கவிழ்த்தான். ஏறி உட்கார்ந்தான்.

கழுகுகள் திருப்பத்தில் வந்து நின்றார்கள். ஒரு கணம் அவர்களுக்கே சிரிப்பு வந்துவிட்டது.

"அடடே, மேயர் முட்டை இடறாருடா!"

"இறங்கு" என்றான் லெமுவேல். அவன் சிரிக்கவில்லை. கையில் கோடரிக் காம்பு.

"எனக்கு உட்காரச் சொல்லிக் குடுத்ததே உங்க படைதானேடா" என்றான் ஒபதியா.

முதல் அடி முழங்காலில். இரண்டாவது விலாவில். உள்ளே ஏதோ காய்ந்த சுள்ளி போல முறிந்தது. யாரோ செங்கல்லால் வாயில் அடித்தார்கள். பற்களை இரத்தத்தோடு துப்பிவிட்டு இரண்டு கைகளாலும் பீப்பாயின் விளிம்பைப் பிடித்துக்கொண்டான். விரல்களை மிதித்தார்கள். மாவுப் பீப்பாய் எவ்வளவு தாங்கும்? பட்டை தெறித்து, பலகைகள் பூவிதழ் மாதிரி விரிந்து விழுந்தன. ஒபதியா சேற்றில் குப்புற விழுந்து, இரும்புக் குழாயைப் பிள்ளையை அணைப்பது போல வயிற்றோடு அணைத்துக்கொண்டான். லெமுவேல் அவன் முதுகில் அடித்தான். அடித்துக்கொண்டே அழுதான். "விடுடா! விட்டுத் தொலைடா, மச்சான்!"

எதிர்ப் பட்டறையின் கதவு திறந்தது. க்ளூகே வெளியே வந்தான். ஒரு தோளில் விஸ்கி ஊற்றுவதற்கான ஓக் மரப் பீப்பாய், ஆறு இரும்புப் பட்டை போட்டது. ஒரு பக்கம் மூடி வைத்தது, மறுபக்கம் இன்னும் திறந்தது. மறு கையில் பட்டை இறுக்கும் சம்மட்டி.

கழுகுகள் வழிவிட்டார்கள். லெமுவேல் மூச்சு வாங்கினான். "வாங்க பெரியவரே. உங்க பங்கையும் குடுத்துட்டுப் போங்க. எங்களைவிட உங்களுக்குத்தான் அதிகப் பாத்தியதை."

ஒபதியா ஒரு கண்ணால் சம்மட்டியைப் பார்த்தான். மறு கண் வீங்கி மூடியிருந்தது. கும்பிடவும் இல்லை, கெஞ்சவும் இல்லை. குழாயிலிருந்து கையையும் எடுக்கவில்லை.

க்ளூகே குனிந்து அவன் கோட்டுக் காலரைப் பிடித்தான். ஒரே இழுப்பு. பீப்பாய் தூக்கிப் பழகிய கை. ஒபதியா குழாயிலிருந்து பிய்ந்து சாக்கடை ஓரத்தில் போய் விழுந்தான். கழுகுகள் ஓவென்று கத்தினார்கள்.

க்ளூகே தோளிலிருந்த பீப்பாயைத் தெருக்குழாயின் மேல் கவிழ்த்தான். அதன் மேல் ஏறி உட்கார்ந்தான். சம்மட்டியை மடியில் வைத்துக்கொண்டான்.

"இந்தத் தண்ணி என்னோடது" என்றான். "பதினோரு வருஷத்துக்கு முன்னாடி வர வேண்டியது."

ஒருவன் சிரித்துக்கொண்டே கை வைத்தான். சம்மட்டி இறங்கியது. அந்த மணிக்கட்டு பிறகு எந்தப் பம்பையும் அடிக்கவில்லை. இரண்டாமவனுக்குத் தோள்பட்டை. மூன்றாவது ஆளாக லெமுவேல் காம்பை ஓங்கிக்கொண்டு வந்தான். க்ளூகே எழக்கூட இல்லை. உட்கார்ந்தபடியே அவன் முழங்காலில் ஒரு போடு போட்டான். லெமுவேல் சேற்றில் உட்கார்ந்து அலறினான். மற்றவர்கள் செங்கல் எறிந்தார்கள். க்ளூகேயின் நெற்றி கிழிந்து தாடியில் இரத்தம் வழிந்தது. ஓக் பீப்பாய் அசையவில்லை, அவனும் அசையவில்லை.

திருப்பத்தில் குதிரைகள் தெரிந்தன. பின்னால் கரும்புகை. க்ளூகே இறங்கிப் பீப்பாயை நகர்த்தினான். சம்பளக்காரர்கள் குழாயைத் திருகினார்கள். மிருகம் ஒருமுறை கனைத்தது. தென்னை மர உயரத்துக்குத் தண்ணீர் எழும்பிக் கயிற்றாலைக் கூரையில் விழுந்தது. யாருடைய கையும் அடிக்கவில்லை. யாருடைய பெட்டியும் வழியவில்லை. கழுகுகள் தலையண்ணாந்து பார்த்தார்கள். ஒருவன் மட்டும் மெதுவாகச் சிவப்புச் சட்டையின் பொத்தான்களைக் கழற்றத் தொடங்கினான்.

க்ளூகே பீப்பாயைத் தோளில் ஏற்றிக்கொண்டு சாக்கடை ஓரமாக நடந்தான். ஒபதியா உடைந்த வாயைத் திறந்தான். "க்ளூகே..."

க்ளூகே நின்றான். முதலாளி என்ற சொல் அவன் வாயில் இனிமேல் வராது.

"திங்கட்கிழமை பீப்பாய் வராது" என்றான். "எந்தத் திங்கட்கிழமையும் வராது. நீ வேற ஆளைப் பாத்துக்க."

கதவு சாத்திக்கொண்டது.

ஒபதியாவின் வலது கண் பிறகு திறக்கவேயில்லை. அந்த ஏப்ரல் தேர்தலில் கழுகும் புலியும் முதல் தடவையாக ஒன்று சேர்ந்து அவனைத் தோற்கடித்தார்கள். பின்னாளில் லெமுவேல் செத்த அன்று ஒபதியா அவன் வீட்டு வாசல் வரை போய்த் திரும்பி வந்தான். தேர்தலில் தோற்ற பிறகு பதினாறு வருஷம் தடியூன்றிச் சோப்புத் தொழிற்சாலைக்குப் போய் வந்தான்.

பீப்பாய் செய்கிறவர்கள் ஹாலோவேயில் வேறு நான்கு பேர் இருந்தார்கள். அவர்களில் யாரிடமும் அவன் கேட்கவில்லை. பீப்பாயில் ஊற்றுகிற குழைசோப்பையே நிறுத்திவிட்டான். உப்புப் போட்டு இறுக்கி, கட்டி கட்டியாக அறுத்து, பலகைப் பெட்டியில் அடுக்கி அனுப்பினான். அது நன்றாக விற்றது. மற்ற சோப்புக்காரர்களும் பெட்டிக்கு மாறினார்கள். ஒற்றைக் காதன் புத்திசாலி, காலத்துக்கு முன்னால் ஓடுகிறவன் என்று ஊர் பாராட்டியது.

திங்கட்கிழமை காலைகளில் மட்டும் அவன், வெறும் வாசலில் சற்று நேரம் நின்றுவிட்டு உள்ளே போவான்.